கார்த்திகைக் கிழங்கு: மருந்தும் நஞ்சும்

மாரி மழை தொடங்கியதும் நெல்லியடி, கரவெட்டிப் பகுதிகளின் வேலிகளிலும் பற்றைகளிலும் ஒரு கொடி தலைகாட்டும். இலை நுனியே சுருண்டு பற்றுக்கம்பியாகி அயலிலுள்ள கிளையைப் பிடித்தேறும். முதலில் மஞ்சளாய் விரியும் இதழ்கள் நாளடைவில் தீக்கொழுந்தெனச் சிவக்கும். கார்த்திகைப்பூ என்று யாழ்ப்பாணத்தாரும், செங்காந்தள் என்று சான்றோரும், நியங்கலா என்று சிங்கள மக்களும் இதனை வழங்குவர். குறிஞ்சிப்பாட்டின் மலர் வரிசையில் முதலிடம் பெற்றது இதுவே. தமிழ்நாட்டின் மாநில மலரும் இதுவே.

பூவின் புகழ் இவ்வாறாக, கிழங்கின் பெயரோ அச்சத்தோடு கலந்தது. கவராய்ப் பிரிந்து கலப்பை போலத் தோன்றுதலின் கலப்பைக் கிழங்கு எனப்பட்டது. சித்த வைத்தியர் இதனை உப்பிட்ட மோரில் ஊறவைத்து உலர்த்திச் சுத்தி செய்த பின்னரே மருந்திற் சேர்ப்பர். கிழங்கின் கொடுமையை நன்கறிந்தமையாலன்றோ இவ்வளவு முன்னேற்பாடு!

அக்கொடுமைக்குக் காரணம் கொல்சிசீன் என்னும் அற்கலோயிட்டு ஆகும். 1820ஆம் ஆண்டிலே பெலத்தியே, கவெந்து என்னும் பிரெஞ்சு இரசாயனவியலார் இருவர் ஐரோப்பியக் கொல்சிக்கச் செடியிலிருந்து இதனைப் பிரித்தெடுத்தனர். கார்த்திகைக் கிழங்கிலும் அதுவே உண்டென்பது 1915இல் வெளிவந்த ஆய்வால் தெளிவாயிற்று. இன்று தாராபுரம், மூலனூர், ஒட்டன்சத்திரம் முதலிய இடங்களில் உழவர் இக்கொடியைப் பயிரிட்டு விதைகளை ஏற்றுமதிக்கென விற்கின்றனர்.

கொல்சிசீன் தொழிற்படும் வகை யாது? உயிர்க்கலம் இரண்டாகப் பிரியும்போது நிறமூர்த்தங்களை இருபுறமும் இழுத்துச் செல்வன நுண்குழாய்கள். தியூபியூலின் என்னும் புரதம் அடுக்கடுக்காய்ச் சேர்ந்தே அவை உருவாகின்றன. கொல்சிசீன் அப்புரதத்தைப் பற்றிக்கொள்ளுதலால் குழாய் வளர்வதில்லை. கலப்பிரிவு இடையில் நின்றுவிடுகின்றது. வெண்குருதிக் கலங்கள் அழற்சியுற்ற இடத்தை நோக்கி நகர்தற்கும் இந்நுண்குழாய்களே வேண்டும். ஆதலின், யூரிக்கமிலப் பளிங்குகள் மூட்டிலே படிவதால் எழும் கவுட் நோயின் வேதனை இம்மருந்தால் தணிகின்றது. அந்நோய் தாக்கியவுடன் 1.2 மில்லிகிராமும் ஒரு மணி கழித்து 0.6 மில்லிகிராமும் போதும் என்பது இக்கால மருத்துவ முறை. நாளொன்றுக்கு 0.5 மில்லிகிராம் என்னும் அளவில், இருதய நோயாளருக்கு மாரடைப்பைத் தடுக்கும் மருந்தாகவும் 2023இல் அமெரிக்கா இதனை ஏற்றுக்கொண்டது.

பயிர் வளர்ப்பார்க்கும் இது உதவியதுண்டு. கொல்சிசீன் பட்ட செடியில் நிறமூர்த்தத் தொகை இரட்டிப்பாதல் 1937இல் வெளியிடப்பட்டது. விதையில்லா வத்தகப்பழம் அவ்வழியாகக் கிடைத்த பேறேயாம்.

மருந்தின் அளவுக்கும் நஞ்சின் அளவுக்கும் உள்ள இடைவெளியோ மிகச் சிறிது. சிறுநீரகம் தளர்ந்தவர்க்கும், கிளாரித்திரோமைசின் போன்ற மருந்துகளை உண்பவர்க்கும் வழக்கமான அளவே தீங்காகலாம். கிழங்கிலோ எவ்வளவு கொல்சிசீன் உண்டென்று கண்ணால் அறிய வழியில்லை. வற்றாளங் கிழங்கென மயங்கி அவித்துண்டு ஆபத்துக்குள்ளானோர் இலங்கையில் உளர். அவித்தலால் இந்நஞ்சு அகல்வதில்லை.

உண்ட சில மணிகளில் தொண்டையெரிவு, ஓயாத வாந்தி, வயிற்றோட்டம் என்பன தோன்றும். பின்னர் நோயாளி சற்றுத் தேறியவர்போலக் காணப்படுவதுமுண்டு. இந்தத் தேற்றத்தை நம்பி வீட்டிலிருத்தலே பெரும் பிழை. விரைந்து பிரியும் கலங்களே முதலில் தாக்கப்படுதலின், குடலைத் தொடர்ந்து சில நாட்களில் என்புமச்சை சோர்ந்து குருதிக் கலங்கள் குறையும். இருதயமும் சிறுநீரகமும் தளரும். பிழைத்தவர்க்கும் ஓரிரு வாரங்களில் தலைமயிர் உதிர்ந்து, மெல்ல மீள முளைக்கும்.

பொது வழக்கிலுள்ள முறிமருந்து இதற்கு இல்லை. ஆகையால் வேப்பிலைச் சாறு, உப்புநீர் என்று வீட்டிலே காலம் போக்காது, எஞ்சிய கிழங்கையும் கொடியையும் கையோடு எடுத்துக்கொண்டு மந்திகை வைத்தியசாலைக்கு உடனே செல்லுதல் வேண்டும். வாந்தி நின்ற பின்னரும் சில நாட்கள் குருதிப் பரிசோதனை அங்கே நடைபெறுதல் அவசியம்.