செட்டுக்குள் ஒரு துண்டு வானம்

ஸ்டுடியோவில் எடுத்த பழைய படங்களில் சுவரைக் கவனியுங்கள். பகல் காட்சியாகத்தான் இருக்கும்; ஆனாலும் ஒரே ஆளுக்கு இரண்டு மூன்று நிழல் விழும். மேலே தொங்கும் ஒவ்வொரு விளக்கும் ஒரு நிழலைப் போட்டுவிடும்.

இதை மாற்றிய ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா 1930இல் பிறந்தவர். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படத்தை வங்காளத்தில் எடுத்தபோது மித்ராவுக்கு அதில் வேலை கிடைக்கவில்லை, வேடிக்கை பார்க்க மட்டும் அனுமதி கிடைத்தது. விளக்குகள் நின்ற இடத்தையெல்லாம் நோட்டில் படமாக வரைந்துகொண்டார். ஒளித் தொடர்ச்சி சரிதானா என்று பார்க்க, படத்தின் ஒளிப்பதிவாளர் கிளோத் ரெனுவாரே பிறகு அந்த நோட்டைக் கேட்டு வாங்கினாராம். 1952இல் சத்யஜித் ராய் 'பதேர் பாஞ்சாலி'யைத் தொடங்கியபோது, மூவி கேமராவை அதுவரை இயக்கியே இராத மித்ராதான் ஒளிப்பதிவாளர். தயாரிப்பாளர் கிடைக்காத படத்தில்தான் இப்படியொரு துணிச்சல் நடக்கும்.

அடுத்த படம் 'அபராஜிதோ' (1956). காசி வீட்டின் முற்றத்தைத் திறந்தவெளியில் செட்டாகப் போடுவதாக இருந்தது. மழைக்குப் பயந்து, கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா அதைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் போட்டார். முற்றத்தில் விழும் வான வெளிச்சத்தை விளக்கால் கொண்டுவர முடியாது என்று மித்ரா வாதாடிப் பார்த்தார். எடுபடவில்லை. கடைசியில் செட்டின் மேல் வெள்ளைத் துணியைச் சட்டமிட்டுக் கட்டி, விளக்குகளை நடிகர்மேல் காட்டாமல் அந்தத் துணியை நோக்கித் திருப்பினார்.

நிழலின் விளிம்பு கூர்மையாக விழுவதற்கும் விளக்கின் வாட்டுக்கும் சம்பந்தமில்லை. வெளிச்சம் வரும் பரப்பு எவ்வளவு அகலம் என்பதே கணக்கு. சின்ன விளக்கை ஒரு தலை முழுசாக மறைத்துவிடும். அகலத் துணியை அப்படி மறைக்க முடியாது. ஒரு ஓரம் மறைந்தால் மறு ஓரத்து வெளிச்சம் வந்து நிழலைக் கரைத்துவிடும். துணியில் பட்டுச் சிதறுவதில் வெளிச்சம் நிறைய வீணாகும் என்பதுதான் இதற்குக் கொடுக்கும் விலை. வெளிச்சத்தை உணரும் வேகம் குறைந்த அன்றைய ஃபிலிமுக்கு அது சின்ன விலையல்ல.

இன்று சிறு பட்ஜெட் யூனிட்டில் வெளிச்சத்தைத் திருப்பியடிக்கும் இந்த 'பவுன்ஸ்' வேலைக்கு ஒரு தெர்மாகோல் அட்டை போதும். வெள்ளைச் சுவர் இருந்தால் அதுவும் வேண்டாம். ஆனால் நம்மூர் வீடுகளில் பாதி, பச்சையோ ரோஸோ அடித்தவை. அந்த நிறம் நடிகர் முகத்தில் ஏறிவிடும். 'அபராஜிதோ'வைக் கறுப்பு வெள்ளையில் எடுத்த மித்ராவுக்கு அந்தத் தலைவலி இருக்கவில்லை. லொக்கேஷன் பார்க்கப் போகும் கேமராமேன் ஜன்னலுக்கு அடுத்தபடியாகச் சுவரின் பெயின்டைத்தான் பார்க்கிறார்.