கருப்பொருளும் கலை இயக்கமும்: பி. கிருஷ்ணமூர்த்தியின் திரைப்பணியை முன்வைத்து

திரைப்படத்தைப் பனுவலாக வாசிக்கும் தமிழாய்வு கதையையும் உரையாடலையும் பாடலையும் விரிவாகப் பேசியுள்ளது; மாந்தர் வாழும் வீட்டையும் புழங்கும் பொருளையும் ஆக்கித் தரும் கலை இயக்குநரைப் பெரும்பாலும் கடந்து சென்றுவிடுகிறது. தொல்காப்பிய முப்பொருளில் வைத்துப் பார்த்தால் நிலமும் பொழுதும் ஒளிப்பதிவின்வழித் திரைக்கு வருகின்றன. உரிப்பொருள் நடிப்பில் வெளிப்படுகிறது. கருப்பொருளோ கலை இயக்குநரின் பொறுப்பு. தேசிய விருதுகளில் இன்று வழங்கும் 'தயாரிப்பு வடிவமைப்பு' என்னும் பெயர் இதனை முழுமையாக உணர்த்துவதில்லை.

பூம்புகாரைச் சேர்ந்த பி. கிருஷ்ணமூர்த்தி சென்னை அரசு ஓவியக் கல்லூரியில் பயின்றவர். ஜி. வி. ஐயரின் கன்னடப் படமான 'ஹம்சகீதெ' (1975) வழியே இத்துறைக்கு வந்தார். வணிக வரம்புக்கு வெளியே இயங்கிய மாற்றுச் சினிமாவே அவரது பயிற்சிக்களம். 'மத்வாச்சாரியா' (1986) கலை இயக்கத்துக்குத் தேசிய விருது பெற்றுத் தந்தது. மலையாளத்தின் 'ஒரு வடக்கன் வீரகாதா' (1989) கலை இயக்கம், ஆடை வடிவமைப்பு இரண்டுக்குமே பெற்றுத் தந்தது. இடத்தையும் உடையையும் ஒருவரே வரைந்தமை குறிக்கத்தக்கது. கருப்பொருள் பிளவுபடாமல் நின்றது.

ஞான ராஜசேகரனின் 'பாரதி' (2000) அவருக்கு மீண்டும் தேசிய விருதளித்தது. இது முழுமையான சுயாதீனப் படமன்று. எனினும் மாற்றுச் சினிமாவில் பெற்ற பயிற்சிக்கு இது கடுமையான சோதனை. பாரதி பிறந்த எட்டயபுரம் கரிசல் நிலம். இந்துக் கல்லூரிப் பள்ளியில் பயின்ற நெல்லை பொருநைக்கரை மருதம். 1918 இறுதியில் சிறைமீண்டு 1920 வரை வாழ்ந்த கடையம் மேற்குமலை அடிவாரம். மூன்றும் அன்று ஒரே மாவட்டம். ஆகவே ஒரே அக்கிரகாரத் தெருவை மூன்றுக்கும் காட்டிவிடும் ஆசை எளிதில் எழும். ஆனால் சுவரின் மண், கூரை, திண்ணையின் உயரம், முற்றத்துப் பாத்திரம் ஆகிய ஒவ்வொன்றும் நிலத்தோடு மாறுவன. கடையத்துத் திண்ணையில் பிற்காலப் பொருளொன்று இடம்பெற்றால் எந்த வசனமும் அதனை ஈடுசெய்யாது.

கிருஷ்ணமூர்த்தி 2020 டிசம்பரில் மறைந்தார். படம் முடிந்ததும் அரங்குகள் பிரிக்கப்படுகின்றன. ஏட்டுச்சுவடிகளைத் தேடித் தொகுத்த தமிழ்த்துறைகள் கலை இயக்குநர்தம் வரைபடங்களை இன்னும் ஆய்வு மூலங்களாகக் கொள்ளவில்லை.

அடுத்த ஆண்டு வெளிவந்த மாரி செல்வராஜின் 'கர்ணன்' நெல்லை வட்டாரத்தில் படமாக்கப்பட்டது; கலை இயக்கம் த. இராமலிங்கம். பொடியன்குளம் என்னும் அக்கற்பனை ஊரின் மையப்பொருள் அங்கு இல்லாத ஒன்று: பேருந்து நிறுத்தம். கருப்பொருள் பட்டியலில் இன்மையை எங்கே வைப்பது என்பதற்கு இலக்கணத்தில் நேர் விடையில்லை.