விடைத்தாளில் விடுபடும் வாடகை

வணிகக் கணித விடைத்தாள்களைத் திருத்திய காலத்தில் ஒரு பிழை எனக்கு மிகவும் பழகிப்போயிருந்தது. தொகையிடல் கணக்கை ஒரு படியும் தவறாமல் செய்திருப்பார்கள். இறுதியில் எழுத வேண்டிய 'கூட்டல் சி' மட்டும் இருக்காது. நாங்களும் அரை மதிப்பெண்ணைக் குறைத்துவிட்டு அடுத்த தாளுக்குச் சென்றுவிடுவோம். அந்த 'சி' எதைக் குறிக்கிறது என்று வகுப்பில் ஒருமுறை விளக்கியிருந்தால், பலர் அதை மறந்திருக்க மாட்டார்கள்.

தொகையிடல் என்பது வகையிடலின் மறுதலை. வகையிடும்போது அடுக்கால் பெருக்கி, அடுக்கில் ஒன்றைக் குறைக்கிறோம். தொகையிடும்போது அடுக்கில் ஒன்றைக் கூட்டி, கிடைக்கும் புதிய அடுக்கால் வகுக்கிறோம். ப² என்பது ப³/3 ஆகிறது. அடுக்கு –1 ஆக இருந்தால் மட்டும் இவ்விதி செல்லாது. ஒன்றைக் கூட்டினால் சுழி வரும், சுழியால் வகுக்க இயலாது. 1/ப-வைத் தொகையிட்டால் கிடைப்பது மடக்கை. அது தனிக்கதை.

நாளொன்றுக்குச் சில மேசைகளைச் செய்யும் சிறு தச்சுப் பட்டறையை எடுத்துக்கொள்வோம். மேசைகளின் எண்ணிக்கை ப. கூடுதலாக ஒரு மேசை செய்ய ஆகும் செலவைப் பொருளியலில் இறுதிநிலைச் செலவு என்கிறோம். அது 3ப² – 20ப + 600 ரூபாய் என்க. விதிப்படி முதல் உறுப்பு ப³, இரண்டாவது 10ப². மூன்றாவதில் ப-வின் அடுக்கு சுழி என்பதால் அது 600ப. ஆக, செலவு ப³ – 10ப² + 600ப. பத்து மேசைகளுக்கு 1,000 – 1,000 + 6,000. அதாவது 6,000 ரூபாய். மேசை ஒன்று 700 ரூபாய்க்கு விற்றால் வரவு 7,000, இலாபம் 1,000. மாணவர் இங்கே பேனாவை மூடிவிடுகிறார்.

ஒரு மேசைகூடச் செய்யாத நாளிலும் பட்டறைக்கு வாடகை உண்டு; கடனுக்கு வட்டி உண்டு. இரண்டும் சேர்ந்து நாளுக்கு 1,500 ரூபாய் என்று கொள்வோம். எத்தனை மேசை செய்தாலும் இத்தொகை மாறாது. ஆகவே வகையிடும்போது சுழியாகிச் சுவடின்றி மறைந்துவிடுகிறது. இறுதிநிலைச் செலவை மட்டும் வைத்துக்கொண்டு அதை மீட்க எந்த விதியாலும் முடியாது. மறைந்த அத்தொகைக்கு நாம் ஒதுக்கிவைக்கும் இடமே 'சி'. அதை நிரப்பினால் செலவு 7,500 ஆகிறது. இலாபம் என்று எண்ணியது 500 ரூபாய் நட்டமாகிவிடுகிறது.

பத்து மேசை என்ற அளவில் இறுதிநிலைச் செலவு சரியாக 700 ரூபாய். அதாவது விலைக்குச் சமம். வாடகை எவ்வளவாயினும், பட்டறையைத் திறந்தால் பத்து மேசை செய்வதே சிறந்தது. இந்த முடிவில் 'சி'-க்குப் பங்கே இல்லை! பட்டறையை மூடிவைத்தால் அன்றைய நட்டம் 1,500, நடத்தினால் 500. எனவே இன்று நடத்துவதே அறிவுடைமை. ஆனால், வாடகை ஒப்பந்தம் முடியும் நாளில் அதைப் புதுப்பிப்பதா, வேண்டாமா என்பதை 'சி'-யைப் பார்க்காமல் முடிவுசெய்ய முடியாது.

"ஐயா, சி எவ்வளவு என்று எப்படிக் கண்டுபிடிப்பது?" என்று ஒரு மாணவர் கேட்டார். கணக்கிலிருந்து அல்ல, பட்டறைக்காரரிடம் கேட்டுத்தான் என்றேன். தேர்வில் அவருக்குப் பதிலாக வினாத்தாள் பேசும்: 'ப சுழியாகும்போது செலவு 1,500 ரூபாய்' என்று ஒரு வரி இருக்கும். பெரும்பாலும் அது வினாவின் கடைசி வரி.