புற்றுநோய் மருந்து ஏற்றும்போது தோல் ஏன் வறள்கிறது?

சுந்தரபாண்டியபுரத்துச் சூரியகாந்தி வயல்களைக் கடந்து கீமோதெரபி சிகிச்சைக்குச் சென்று திரும்பும் ஒருவருடைய சருமம், குற்றாலச் சாரல் வீசும் ஈரமான பருவத்திலும் வறண்டு உரிவதேன் என்று நீங்கள் சிந்தித்ததுண்டா?

புற்றுநோய் அணுக்களைப் போலவே விரைந்து பெருகும் தோலின் அடியணுக்களையும் கீமோதெரபி மருந்து தடுத்துவிடுகிறது. நாள்தோறும் தேயும் குளக்கரைக்கு மண்ணிட ஆளில்லாவிடில் நீர் கசிந்தோடுவதுபோல, புத்தணுக்கள் குறையவே சரீரத்தின் ஈரம் வெளியேறுகிறது.

ஆகவே, சுடுநீரை விடுத்து வெதுவெதுப்பான நீரில் குளித்து, தேய்க்காமல் ஒற்றித் துடைத்து, ஈரம் உலருமுன் மணமற்ற களிம்பைப் பூசுங்கள். சில மருந்துகளால் வெயிலைத் தாங்கும் ஆற்றலும் குன்றுமாதலின், பருத்தியாடையும் குடையும் அவசியம்.

நோயெதிர்க்கும் வெள்ளணுக்களும் இக்காலத்தில் குறைவதால், கொப்புளமோ 38 டிகிரி செல்சியஸ் காய்ச்சலோ கண்டால், தாமதியாது மருத்துவரை நாடுங்கள்.