திண்டுக்கல் 1973: ஓட்டுக் கணக்கு

1971 சட்டமன்றத் தேர்தலில் 234 இடங்களில் 184 தி.மு.க.வுக்கு. அடுத்த ஆண்டு அக்டோபரில் எம்.ஜி.ஆர். கட்சியை விட்டு நீக்கப்பட்டார். 17-ஆம் தேதி அவரது அண்ணா தி.மு.க. பிறந்தது. திண்டுக்கல் எம்.பி. மு.ராஜாங்கம் காலமானதால் அங்கே இடைத்தேர்தல் வந்தது. வாக்குப்பதிவு 20 மே 1973. புதுக்கட்சிக்கு அன்று வயது 215 நாள். எம்.ஜி.ஆரின் 'உலகம் சுற்றும் வாலிபன்' திரைக்கு வந்து 9 நாள்.

முதல் நான்கு இடங்கள்:

கே.மாயத்தேவர் (அண்ணா தி.மு.க., இரட்டை இலை): 2,60,930
என்.எஸ்.வி.சித்தன் (பழைய காங்கிரஸ்): 1,19,032
பொன்.முத்துராமலிங்கம் (தி.மு.க.): 93,496
இந்திரா காங்கிரஸ் வேட்பாளர்: 11,423
நால்வர் மொத்தம்: 4,84,881

வித்தியாசம் 1,41,898. தோற்ற மூவரின் ஓட்டையும் ஒன்றாகச் சேர்த்தால் 2,23,951. அப்போதும் மாயத்தேவர் 36,979 ஓட்டு முன்னால் நிற்கிறார். எதிரிகள் பிரிந்து நின்றதால் வந்த வெற்றி என்ற பேச்சு இங்கே செல்லாது.

மக்களவை வேட்பாளர் அன்று கட்டிய டெபாசிட் 500 ரூபாய். அதைத் திரும்பப் பெறச் செல்லுபடியான ஓட்டில் ஆறில் ஒரு பங்குக்கு மேல் வேண்டும். நால்வர் மொத்தத்தில் அது சுமார் 80,800. கோட்டையில் இருந்த கட்சி அந்தக் கோட்டைத் தாண்டியது ஏறக்குறைய 12,700 ஓட்டில்தான். டெல்லியை ஆண்ட கட்சிக்கு அதுவும் கிட்டவில்லை.

இன்னொரு கூட்டல்தான் முக்கியம். இரண்டு கழகங்களும் சேர்ந்து 3,54,426, அதாவது நூற்றுக்கு 73. இரண்டு காங்கிரஸும் சேர்ந்து 1,30,455, நூற்றுக்கு 27. தி.மு.க. உடைந்தால் லாபம் காங்கிரஸுக்கு என்று கணக்குப் போட்டவர்களுக்குப் பதில் இதில் இருக்கிறது. ஆளுங்கட்சி மேல் இருந்த கோபம் காங்கிரஸ் வீட்டுக்குப் போகாமல் பங்காளி வீட்டுக்கே போனது.

ஆனால் மாயத்தேவரின் 54 சதவீதத்தை மாநிலத்துக்கே அளவாக வைக்க முடியாது. 1977 சட்டமன்றத் தேர்தலில் அ.தி.மு.க. பெற்றது சுமார் 30 சதவீதம், இடம் 130. தி.மு.க. சுமார் 25 சதவீதம், இடம் 48. திண்டுக்கல்லில் போலவே மாநிலத்திலும் அ.தி.மு.க. தி.மு.க.வை முந்தியது. இடைவெளி அவ்வளவு இல்லை.

ஆட்களின் வரவு செலவு வேறு. மாயத்தேவர் 1977-இல் மீண்டும் இரட்டை இலையில் வென்றார். 1980-இல் அதே தொகுதியில் தி.மு.க.வின் உதயசூரியனில் வென்றார். 1973-இல் தோற்ற சித்தன் 1996-இல் தமிழ் மாநில காங்கிரஸ் சார்பிலும், 2004, 2009-இல் காங்கிரஸ் சார்பிலும் அங்கேயே எம்.பி. ஆனார், மூன்று முறையும் தி.மு.க. கூட்டணியில்.

கட்சிகளின் கணக்குக்குத் திரும்பினால், 1977 முதல் 2021 வரை 11 சட்டமன்றத் தேர்தல்கள். அ.தி.மு.க. வென்றது 7, தி.மு.க. 4, காங்கிரஸ் 0.