வீரரைத் தேடிய வீரர்

ஆட்டத்தில் வென்றவனை உலகம் கொண்டாடுகின்றது. அவனை முதன்முதற் கண்டெடுத்தவனை அறிவார் சிலரே. அமெரிக்கரது பேஸ்பால் ஆட்டத்தில் இவ்வாறு வீரரைத் தேடித் திரிபவரை ‘ஸ்கவுட்’ என்பர். நம் கல்லூரிகளிற் காணும் சாரணர் வேறு, இவர் வேறு. சிற்றூர்த் திடல்களிலும் கல்லூரி மைதானங்களிலும் அமர்ந்து, பந்தைத் தவறாது அடித்தல், நெடுந்தூரம் அடித்தல், ஓடுதல், எறிதல், பந்தைத் தடுத்துப் பிடித்தல் ஆகிய ஐந்து திறங்களையும் ஓர் இளைஞனிடத்து ஆராய்ந்து பார்ப்பதே இவர் தொழில். அத்தொழிலிற் பெயர் பெற்ற பக் ஓநீல் என்பாரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறுவோம்.

1911-ஆம் ஆண்டு ஃபிளாரிடா மாகாணத்திற் பிறந்த ஓநீல், இளமையில் செலரித் தோட்டத்தில் வேலை செய்தார். அவர் வளர்ந்த சரசோட்டா நகரின் உயர்நிலைப் பள்ளி கறுப்பினத்தாரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. ஆதலின் ஜாக்சன்வில் நகருக்குச் சென்று, கறுப்பினத்தாரின் மெதடிஸ்டு சபையொன்று நிறுவிய எட்வர்ட் வாட்டர்ஸ் கல்லூரியிற் பயின்றார். பெரிய லீகுகளின் கதவும் அவருக்கு அடைபட்டே இருந்தது. எனவே கறுப்பினத்தார்க்கென நடந்த நீக்ரோ லீகில், 1938 முதல் கான்ஸஸ் சிட்டி மானர்க்ஸ் அணியில் ஆடினார். 1947-இல் ஜாக்கி ராபின்ஸன் அத்தடையைத் தகர்த்தபொழுது ஓநீலுக்கு வயது 35. விளையாட்டு வீரருக்கோ அஃது அந்திப்பொழுது.

மறு ஆண்டிலேயே மானர்க்ஸ் அணியை நடத்தும் பொறுப்பு அவரை அடைந்தது. அவரிடம் பயின்ற எர்னி பேங்க்ஸ் 1953-இல் சிக்காகோ கப்ஸ் அணியிற் சேர்ந்து பெரும்புகழ் எய்தினார். ஓநீலும் பின்னர் அவ்வணியின் ஸ்கவுட் ஆனார். கறுப்பின மாணவர் பயிலும் தென்மாகாணக் கல்லூரிகளைத் தேடிச் சென்று வீரரைக் கண்டார். அவ்வாறு லூயிஸியானாவிலுள்ள சதர்ன் பல்கலைக்கழகத்திற் கண்டெடுத்த லூ பிராக், எதிரணியினர் அயர்ந்த நேரம் பார்த்து அடுத்த தளத்திற்குப் பாய்ந்தோடிச் சேரும் வித்தையில் 938 முறை வெற்றி கண்டார்.

1962-இல் கப்ஸ் அணி ஓநீலைப் பயிற்சியாளராக நியமித்தது. பெரிய லீகுகளில் அப்பதவி பெற்ற முதற் கறுப்பினத்தவர் அவரே. ஆயினும் ஆட்டத்தின்போது தளத்தருகே நின்று ஓட்டக்காரரை ஏவும் பணி அவருக்கு அளிக்கப்படவில்லை. பதவி கிடைத்தது, அதிகாரம் கிடைக்கவில்லை.

2006-இல் நீக்ரோ லீக் காலத்தவர் 17 பேர் பேஸ்பால் புகழ்மண்டபத்திற்குத் தேர்ந்தெடுக்கப்பட்டனர். ஓநீல் பெயர் அவற்றுள் இல்லை. அங்ஙனமிருந்தும், 94 வயதினரான அவர் விழாவிற்குச் சென்று, மறைந்த அவர்களைப் போற்றி மகிழ்வுடன் உரையாற்றினார். அவ்வாண்டு அக்டோபரிலேயே காலமானார். 2022-இல் தான் அம்மண்டபம் அவரை ஏற்றது.

தமக்கு மறுக்கப்பட்டதைப் பிறர் பெறக் கண்டு பொருமுதல் மக்கட்கு இயல்பு. ஓநீலோ பிறர் அதனைப் பெறுதற்கு வழி தேடுவதையே தம் தொழிலாகக் கொண்டார். அவர் பெருமையை நாம் அளக்க வேண்டிய கோல் இதுவேயாகும்.