உங்களுக்குத் தெரியுமா? படம்தான் ஊமை, கொட்டகை அல்ல!

தமிழ்நாட்டு ஊமைப்படக் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதையை உரக்கச் சொல்வார். புரொஜெக்டர் ஒன்றுதான், சுருள் மாற்றும் நேரத்தில் மேடையில் ஆட்டமும் குஸ்தியும்கூட நடக்கும்!

• 1905இல் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட் கூடாரமும் படம் காட்டும் கருவியுமாக ஊர் ஊராகக் கிளம்பினார்.

• விழுந்து புரண்டு சிரிக்கவைக்கும் குறும்படங்களுக்கு விளக்கமே வேண்டாம். 1914இல் மட்டும் சார்லி சாப்ளின் நடித்தவை 30க்கும் மேல்.

• அந்தக் குறும்படங்களில் வரும் தலைதெறிக்கும் ஓட்டம் பல சமயம் கேமராக்காரரின் கைவேலை. படம்பிடிக்கும்போது கைப்பிடியை வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றுவார். வழக்கமான வேகத்தில் திரையிட்டால் போதும், நடப்பவர் பறப்பார். விழுபவர் பந்தாக எகிறுவார்.

• தமிழ்ப் பேசும்படத்தில் உடம்பாலேயே சிரிக்கவைத்த மகா கலைஞன் ஜே.பி. சந்திரபாபு நம்ம திருநெல்வேலிச் சீமைக்காரர்! 1927இல் அவர் பிறந்த தூத்துக்குடி அப்போது திருநெல்வேலி மாவட்டம். 1986இல்தான் தனி மாவட்டமானது. ‘சபாஷ் மீனா’வில் (1958) அவருக்கு இரட்டை வேடம். ஒருமுறையாவது சத்தத்தை அணைத்துவிட்டு அவர் உடலசைவை மட்டும் பாருங்கள்.